நீர்க்கட்டியின் பேரன்

வெளிநாட்டிலிருந்து வருகிற டென்னிஸ் ஆட்டக்காரர்களில் யார் மண் கோர்ட்டில் வளர்ந்தவன், யார் சிமெண்டு கோர்ட்டில் வளர்ந்தவன் என்று பெயரும் ஊரும் தெரியாமலே சொல்லிவிடுவேன். சிமெண்டில் வளர்ந்தவன் உள்ளே வந்ததும் நெட்டைத் தொட்டுப் பார்ப்பான். மண்ணில் வளர்ந்தவன் நேராகப் பேஸ்லைனுக்குப் பின்னால் போய், ஷூவின் குதிகாலை ஊன்றி ஒரு திருகு திருகுவான். குனிந்து அந்தப் பள்ளத்தைப் பார்ப்பான். பிறகு என்னைத் தேடுவான். அவன் பாஷை எனக்கு வராது, என் பாஷை அவனுக்கு வராது. "வாட்டர்?" என்று கேட்டு மணிக்கட்டைத் தட்டிக் காட்டுவான். எத்தனை மணிக்குத் தண்ணீர் விட்டாய் என்று அர்த்தம். ஐந்து விரலையும் காட்டி, ஒன்றைப் பாதி மடக்குவேன். நாலரை. தலையை ஆட்டிவிட்டுப் போவான்.

என் வேலை முழுக்க அந்தக் கேள்விக்குள்தான் இருக்கிறது. செங்கல்பட்டுக்கும் மாமல்லபுரத்துக்கும் நடுவில், சவுக்குத் தோப்புகளுக்குப் பின்னால் இருக்கிற மண் கோர்ட்டுகளைப் பார்த்துக்கொள்வது என் பிழைப்பு. சர்வதேச டென்னிஸ் கூட்டமைப்பான ஐடிஎஃப் நடத்தும் ஆண்களுக்கான எம்-15 போட்டி எங்கள் பக்கம் வந்தபோது, அந்த வாரம் முழுக்க நான் தூங்கியது கோர்ட் ஓரத்துக் கொட்டகையில். டென்னிஸ் உலகத்தின் கீழ்ப்படி அது. அதற்கு மேலே எம்-25, அதற்கு மேலே சேலஞ்சர், அதற்கும் மேலே டிவியில் வருகிற ஏடிபி போட்டிகள். கீழ்ப்படி என்றால் மண்ணும் மட்டமாக இருக்கலாம் என்று சிலர் நினைக்கிறார்கள். மண்ணுக்கு அந்தப் படிக்கட்டெல்லாம் தெரியாது.

நாலரை என்பதும் வாய்க்கு வந்த நேரம் இல்லை. ராத்திரி விடுகிற தண்ணீர் அடிமண்ணுக்கு. விடியற்காலையில் விடுவது மேல்தோலுக்கு மட்டும். மாசியில் எங்கள் பக்கம் பனி இறங்கும். அந்த ஈரத்தையும் கணக்கில் கழித்துக்கொள்ள வேண்டும். வெயில் ஏறி முதல் ஆட்டம் தொடங்கும்போது மேலே மெல்லிசாக ஒரு பொடி, அதற்குக் கீழே இறுகின மண் என்று இருந்தால்தான் ஆட்டக்காரன் சறுக்கிப்போய்ப் பந்தை எடுத்து, சறுக்கின காலிலேயே நின்று திரும்ப முடியும். பொடி கூடினால் கால் நிற்காது. பொடியே இல்லாவிட்டால் கால் பிடித்துக்கொள்ளும், முட்டி போய்விடும்.

இதைப் பார்க்க ஒரு பரீட்சை உண்டு. ஒரு பிடி மண்ணை எடுத்துக் கையில் இறுக்கினால் கொழுக்கட்டை மாதிரி நிற்க வேண்டும். விரலால் ஒரு தட்டு தட்டினால் உதிர வேண்டும். நிற்காத மண்ணில் ரோலர் ஓட்டுவது வீண் வேலை. உதிராத மண்ணில் ஓட்டினால் கோர்ட்டே ரோலரில் ஒட்டிக்கொண்டு உங்கள் பின்னால் வரும். இரண்டுக்கும் நடுவில் காலையில் ஒரு அரை மணி நேரம் கிடைக்கும். அதற்குப் பெயர் பதம். அந்த அரை மணியை விட்டுவிட்டால் அன்றைக்கு முழுக்க மண்ணோடு மல்லுக்கட்ட வேண்டியதுதான்.

இந்தக் கணக்கு எனக்கு டென்னிஸிலிருந்து வந்ததில்லை. என் தாத்தா ஏரியில் நீர்க்கட்டி. திருக்கழுக்குன்றம் பக்கம் எங்கள் ஊர். மதகைத் திறப்பது, மூடுவது, எந்த நிலத்துக்கு எவ்வளவு நேரம் என்று முறை பார்த்து மடை மாற்றுவது அவர் வேலை. கூலி, அறுப்பின்போது களத்தில் அளக்கிற நெல். ராத்திரியில் அரிக்கேன் விளக்கும் மண்வெட்டியுமாகப் போவார். வயலில் இறங்கிக் காலை ஊன்றிப் பார்த்துவிட்டுத்தான் மடையைத் தொடுவார். "தண்ணி போதல" என்று சண்டைக்கு வருகிறவர்களிடம், "பயிரு கேக்கல, நீதான் கேக்குற" என்று சொல்லிவிட்டு நடந்துவிடுவார். உத்திரமேரூர்க் கல்வெட்டில் ஏரி வாரியம் என்று ஒரு குழுவே இருந்ததாகப் பத்தாம் நூற்றாண்டிலேயே வெட்டி வைத்திருக்கிறார்கள். வாரியத்தில் உட்காருவதற்கு என்ன தகுதி வேண்டும் என்றெல்லாம் அதில் இருக்கிறது. ராத்திரியில் போய் மதகைத் திறந்தவன் யார் என்று நான் எந்தக் கல்லிலும் பார்த்ததில்லை. போகட்டும்.

நான் ஏரிக்குப் போகவில்லை. பதினான்கு வயதில் சென்னையில் ஒரு பழைய கிளப்பில் பந்து பொறுக்கப் போனேன். அங்கே தலைமை மார்க்கர் ஒருவர் இருந்தார். மார்க்கர் என்றால் உறுப்பினர்களுக்கு ஆள் இல்லாதபோது எதிர்ப்பக்கம் நின்று ஆடுகிறவர், கோர்ட்டைப் பராமரிக்கிறவர், சுண்ணாம்புக் கோடு போடுகிறவர் எல்லாம் ஒருவரே. கோர்ட்டுக்குச் சாணம் கரைத்துத் தெளிப்பதை அவரிடம்தான் பார்த்தேன். வாசல் தெளிக்கிற அதே வேலை, கொஞ்சம் பெரிய வாசல். அவருக்கு இரண்டு பெருமை. ஒன்று, ராமநாதன் கிருஷ்ணன் 1960-லும் 1961-லும் விம்பிள்டன் அரையிறுதி வரை போனது. இன்னொன்று, கிருஷ்ணனின் மகன் ரமேஷ் 1979-இல் விம்பிள்டன் ஜூனியர் பட்டத்தோடு பிரெஞ்சு ஜூனியர் பட்டத்தையும் எடுத்து வந்தது. "புல்லுல ஜெயிச்சத எல்லாரும் சொல்றாங்க தம்பி, பிரெஞ்சுன்னா மண்ணு" என்பார். மண் என்று சொல்லும்போது தரையை ஒரு முறை காலால் தட்டிக்கொள்வார்.

அந்தப் பிரெஞ்சு மண் எப்படிப்பட்டது என்று பிற்பாடு படித்துத் தெரிந்துகொண்டேன். பிரெஞ்சு ஓப்பன் நடக்கிற ரோலாண் காரோஸில் டிவியில் தெரிகிற சிவப்பு, 1 முதல் 2 மில்லிமீட்டர் கனத்துக்குச் செங்கல் தூள், அவ்வளவுதான். அதற்குக் கீழே 6, 7 சென்டிமீட்டருக்கு நொறுக்கின வெள்ளைச் சுண்ணாம்புக்கல். அதற்கும் கீழே நிலக்கரி எரிந்த கசடு, அப்புறம் சரளை. வெள்ளைக்கல்தான் கோர்ட், சிவப்பு அதன் மேல் பூசின பவுடர். எங்கள் கோர்ட் அப்படி இல்லை. இங்கே மண் மேலிருந்து கீழ்வரை சிவப்புதான். செங்கல்பட்டு, பல்லாவரம் பக்கமெல்லாம் பூமிக்குள்ளேயே செம்பூரான் படிவம். 1863-இல் நிலவியலாளர் ராபர்ட் புரூஸ் ஃபுட் பல்லாவரத்தில் கற்கோடரி எடுத்ததே அந்தச் செஞ்சரளையிலிருந்துதான். அந்த மண்ணைச் சலித்து, அதோடு செங்கல் தூள் கலந்து மேலே போடுகிறோம். களி கூடினால் வெயிலில் வெடிக்கும், மணல் கூடினால் காலடி பட்ட இடமெல்லாம் குழியாகும்.

செங்கல்லிலும் கவனம் வேண்டும். சூளையில் உடைசல் மலிவாகக் கிடைக்கிறதே என்று அள்ளிவரக் கூடாது. இரண்டு துண்டை எடுத்து ஒன்றோடு ஒன்று தட்டினால் கணீரென்று கேட்க வேண்டும். சத்தம் மொத்தையாக இருந்தால் அது சரியாக வேகாத கல். அதை அரைத்துப் போட்டால் முதல் மழையில் மறுபடி சேறாகிவிடும். சுட்ட மண்ணுக்கும் சுடாத மண்ணுக்கும் இருக்கிற வித்தியாசம் கோர்ட்டில் ஒரே நாளில் தெரிந்துவிடும்.

தண்ணீர் விஷயத்தில் நான் ஒரு முறை நன்றாக அடிபட்டேன். கடலுக்குப் பக்கத்தில் இருக்கிற போர்வெல் தண்ணீர் கோடை நெருங்க நெருங்க உப்பேறும். ஒரு வருஷம் மோட்டார் மக்கர் செய்ததில் டேங்கர் லாரித் தண்ணீர் வாங்கி விட்டேன். வாயில் வைத்துப் பார்க்கவில்லை. அதுதான் என் தப்பு. மூன்றாம் நாள் காலையில் பேஸ்லைன் ஓரமெல்லாம் வெள்ளையாகப் பூத்திருந்தது. கால் வைத்தால் அப்பளம் மாதிரி நொறுங்கியது. நிலம் உவர் பாய்ந்தால் எப்படி இருக்கும் என்று எங்கள் ஊரில் சின்னப் பையனுக்குக்கூடத் தெரியும். எனக்குத் தெரியாமல் போயிற்று.

இதில் ஒரு வேடிக்கை. மண் கோர்ட்டுக்கு உப்புப் போடுகிற வழக்கமே உண்டு. கால்சியம் குளோரைடு தூவினால் காற்றிலிருந்து ஈரத்தை இழுத்து மண்ணில் வைத்துக்கொள்ளும். கடல் உப்போ சோடியம். அது களித் துகள்களை ஒன்றிலிருந்து ஒன்று பிரித்துவிடும். பிரிந்த துகள் மேலே வந்து துவாரங்களை அடைத்து, காய்ந்ததும் ஓடாக இறுகும். கால்சியம் துகள்களைச் சேர்த்துப் பிடிக்கும். உவர் நிலத்துக்கு விவசாயிகள் ஜிப்சம் போடுவது அதனால்தான். நானும் ஜிப்சம் போட்டேன், நல்ல தண்ணீர் விட்டு அலசினேன், மேல்மண்ணைச் சுரண்டி எடுத்துப் புதுசாகப் போட்டேன். ஒரு கோர்ட்டுக்கு ஒரு மாசம் ஆயிற்று. இப்போது எந்த லாரி வந்தாலும் முதல் வாய் எனக்கு.

தண்ணீருக்கு அடுத்தது காற்று. காலையில் சவுக்கு ஊசிகூட அசையாமல் இருக்கும். பதினோரு மணி தாண்டினால் கடலிலிருந்து காற்று ஏறும். அது மேல்பொடியை அள்ளிக்கொண்டு போய் மேற்குப் பக்கத்துப் பச்சை வலையில் அப்பிவிடும். அதனால் மதியம் இரண்டு ஆட்டங்களுக்கு நடுவில் கைக்குழாய் பிடித்து ஒரு சுற்று. அதிகம் விடக் கூடாது. ஈர மண்ணைப் பந்து தன் ரோமத்தில் அப்பிக்கொண்டு கனமாகிவிடும், ஆட்டக்காரர்கள் ராக்கெட்டைக் காட்டி முணுமுணுப்பார்கள். குழாயைக் கீழே பிடித்தால் குழி விழும். மேலே தூக்கி, விரலால் வாயை அடைத்து, மழை மாதிரி விழ வைக்க வேண்டும். புதுசாக வருகிற பையன்களுக்கு இதைக் கற்றுக்கொடுக்கவே ஒரு வாரம் ஆகிறது. ஒருவன் கேட்டான், "அண்ணே, ஸ்பிரிங்ளர் வச்சா என்ன?" வைக்கலாம். வடகிழக்கு மூலைக்கு வேண்டியதும் தென்மேற்கு மூலைக்கு வேண்டியதும் ஒன்று இல்லை என்பதை ஸ்பிரிங்ளருக்கு யார் சொல்வது?

செட் முடிந்ததும் ஆட்டக்காரர்கள் உட்கார 120 வினாடி. அதற்குள் இரண்டு பையன்கள் ஆளுக்கு ஒரு பக்கம் வலைப்பாயை இழுக்க வேண்டும், வெளியிலிருந்து உள்ளே சுற்றிச் சுற்றி. உள்ளிருந்து வெளியே இழுத்தால் பொடியெல்லாம் ஓரத்துக்குப் போய்விடும். இன்னும் இரண்டு பேர் கோடுகளைத் துடைக்க வேண்டும். கோடு என்பது ஆணி அடித்த டேப். மண் காய்ந்தால் டேப் லேசாகத் தூக்கும். அதில் பந்து பட்டால் எங்கேயோ எகிறும். தினமும் ராத்திரி டார்ச் அடித்துக்கொண்டு, டேப்பின் மேல் வெறுங்காலால் நடந்து பார்ப்பேன். கண்ணுக்குத் தெரியாத மேடு பாதத்துக்குத் தெரியும்.

வருகிறவர்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். எம்-15 என்றால் மொத்தப் பரிசே 15,000 டாலர். ஒற்றையரில் பட்டம் வென்றவனுக்கு 2,160 டாலர். முதல் சுற்றில் தோற்றவனுக்கு 156 டாலர், நம் காசுக்குப் பதின்மூன்று, பதினான்காயிரம். வரியும் ரூம் வாடகையும் போக என்ன மிஞ்சும் என்று கேட்காதீர்கள். தகுதிச் சுற்றில் தோற்றவனுக்கு அதுவும் இல்லை. அவர்கள் வருவது காசுக்கு இல்லை, புள்ளிக்கு. முதல் சுற்றில் ஜெயித்தால் ஒரு ஏடிபி புள்ளி. அந்த ஒன்று விழுந்தால்தான் உலகத் தரவரிசையில் பெயர் ஏறும். அந்த ஒன்றுக்காக நம் பையன்கள் துருக்கியின் அன்டால்யாவுக்கும் துனிசியாவின் மொனாஸ்டிருக்கும் எகிப்தின் ஷார்ம் எல் ஷேக்குக்கும் விமானம் ஏறுகிறார்கள். அங்கெல்லாம் கிட்டத்தட்ட வாராவாரம் எம்-15 நடக்கிறது. எங்கள் பக்கம் நடந்தபோது சென்னைப் பையன் ஒருவன் கடற்கரை ரயில் நிலையத்திலிருந்து செங்கல்பட்டு லோக்கலில் ராக்கெட் பையோடு வந்து இறங்கினான். அம்மா கட்டிக்கொடுத்த தயிர்சாதம் கையில். இதைப் பார்க்கத்தான் போட்டி நம் ஊருக்கு வர வேண்டும் என்கிறேன்.

சென்னையில் பெரிய டென்னிஸ் இல்லாமல் இல்லை. 1997 முதல் 2017 வரை நுங்கம்பாக்கத்தில் சென்னை ஓப்பன் நடந்தது. எல்லாம் ஹார்டு கோர்ட். மண்ணின் ராஜா நடாலே 2008 இறுதி ஆட்டத்தில் மிகைல் யூஷ்னியிடம் 6-0, 6-1 என்று அங்கே தோற்றார். முந்தின நாள் அரையிறுதியில் மோயாவோடு கிட்டத்தட்ட நாலு மணி நேரம் ஆடிய அசதி என்றார்கள். எனக்கு அன்றைக்கு வேறு நினைப்பு. தரை மட்டும் நம் செம்மண்ணாக இருந்திருந்தால் என்று. அசட்டு நினைப்புதான்.

இப்போது தடத்தைப் பற்றி. மண் கோர்ட்டுக்கு மட்டுமே உள்ள சங்கதி இது. பந்து விழுந்த இடத்தில் ஒரு தடம் விழும். முட்டை வடிவம், பந்து போன திசையில் நீண்டிருக்கும். அந்த முட்டை கோட்டைத் தொட்டிருந்தால் பந்து உள்ளே. தொடாமல் நடுவில் மயிரிழை மண் தெரிந்தால் வெளியே. 2025-லிருந்து ஏடிபி டூர் போட்டிகளில் இதைக் கேமரா பார்த்துக்கொள்கிறது. எங்கள் படியில் மனுஷன்தான் பார்க்கிறான். தகுதிச் சுற்றில் பல ஆட்டங்களுக்கு நாற்காலி நடுவர்கூடக் கிடையாது. அவரவர் பக்கத்துப் பந்தை அவரவரே சொல்ல வேண்டும். எதிராளிக்குச் சந்தேகம் என்றால் நெட்டைத் தாண்டி வந்து தடத்தைப் பார்க்கலாம். ஒத்துவராவிட்டால் சுற்றிக்கொண்டிருக்கும் நடுவரைக் கூப்பிடலாம். இதில் ஒரு விதி எனக்கு ரொம்பப் பிடிக்கும். அவுட் என்று சொன்னவன் தடத்தைத் தானே அழித்துவிட்டால், எதிராளி சொன்னதை ஒப்புக்கொண்டதாகக் கணக்கு.

ஆக, தடம் நம்பும்படி விழ வேண்டும். அது ஆட்டக்காரன் கையில் இல்லை, நடுவர் கையிலும் இல்லை. மண் காய்ந்து கிடந்தால் தடமே விழாது. மேல்பொடி கனமாக இருந்தால் தடம் பந்து பட்டதைவிடப் பெரிசாக விரியும். கோட்டுக்கு வெளியே விழுந்த பந்தின் தடம்கூட ஓரம் சரிந்து கோட்டைத் தொட்டுவிடும். ஒவ்வொரு அவுட்டிலும் நான் விட்ட தண்ணீரும் நான் சலித்த பொடியும் ஒரு வார்த்தை பேசுகின்றன. நிற்பவர்களுக்கு அது கேட்காது.

அந்த லோக்கல் ரயில் பையன் தகுதிச் சுற்றின் கடைசி ஆட்டத்தில் இருந்தான். ஜெயித்தால் மெயின் டிரா. ஆளுக்கொரு செட். தகுதிச் சுற்றில் மூன்றாவது செட்டுக்குப் பதிலாகப் பத்துப் பாயின்ட் டைபிரேக். 8-9 என்று பின்தங்கியிருந்தான். எதிராளி ஓங்கி அடித்த பந்து வடகிழக்கு மூலையில், பேஸ்லைனை ஒட்டி விழுந்தது. பையன் சட்டென்று விரலைத் தூக்கி "அவுட்" என்றான். 9-9. எதிராளி ஒன்றும் சொல்லவில்லை, இடுப்பில் கை வைத்து நின்றுகொண்டு பார்த்தான். பையன் தடத்தைக் காட்டப் போனான். ராக்கெட் நுனியால் சுற்றி வட்டம் போட வேண்டும், அதுதான் முறை. குனிந்தான். ராக்கெட் அந்தரத்திலேயே நின்றது. நான் வலைக்கு வெளியே, குழாயோடு, அதே மூலையில் நின்றுகொண்டிருந்தேன். எனக்கும் தெரிந்தது. முட்டையின் வால் பக்கம், ஒரு அரிசி முனை அளவுக்கு, வெள்ளை டேப்பைத் தொட்டுக்கொண்டிருந்தது. அவன் நிமிர்ந்து எதிராளியைப் பார்த்தான். பிறகு ஷூவால் அந்த இடத்தை இப்படியும் அப்படியும் இரண்டு தரம் தேய்த்துவிட்டு, கை கொடுக்க நெட்டுக்கு நடந்தான். 8-10.

நாலு பேர் கை தட்டினார்கள். அவன் பயிற்சியாளர் மட்டும் தலையில் அடித்துக்கொண்டார்.

எனக்குக் கை தட்ட வரவில்லை. அந்த மூலையில் முந்தின நாள் சாயங்காலம் ஒரு பள்ளம் விழுந்திருந்தது. காலையில் இருட்டில் அதை நிரப்பினேன். ரோலர் மூலைவரைக்கும் ஏறாது, கைத்திம்மிசால்தான் தட்ட வேண்டும். மணி ஆகிவிட்டதென்று பாதி தட்டியதோடு மேலே ஒரு கைப்பிடி பொடியைத் தூவிப் பாயை இழுத்துவிட்டேன். ஒரு கைப்பிடி அதிகம். வேறு மூலையாக இருந்தால் அந்த முட்டைக்கு வால் அவ்வளவு நீண்டிருக்குமா? பந்து நிஜமாகவே கோட்டைத் தொட்டதா, என் பொடி சரிந்து தொட்டதா? தடம் இருந்திருந்தாலாவது உட்கார்ந்து பார்த்திருக்கலாம். அவன் அழித்துவிட்டான்.

பையன் குழாயடியில் முகம் கழுவிக்கொண்டிருந்தான். பக்கத்தில் போய் நின்றேன். சொல்லலாமா என்று வாய் வரைக்கும் வந்தது. "என்னண்ணே?" என்றான். "ரயிலுக்கு நேரமிருக்கு, சாப்ட்டுப் போ" என்று சொன்னேன்.

அன்று ராத்திரி எல்லாரும் போனபின், டார்ச்சை வாயில் கவ்விக்கொண்டு அந்த மூலையை ஒரு முழம் சதுரத்துக்குக் கிளறி எடுத்தேன். புது மண்ணை மூன்று தரம் சலித்தேன். ஒவ்வொரு படைக்கும் தண்ணீர் தெளித்து, பதம் வரக் காத்திருந்து, திம்மிசு போட்டேன். முடியும்போது மணி இரண்டு. அதற்கு மேல் படுத்து என்ன, நாலரைக்குத் தண்ணீர் விட வேண்டும் என்று அங்கேயே உட்கார்ந்திருந்தேன்.